தோட்டமும் தோற்றமும்

மலேசியத் தமிழரிடம் ‘தோட்டம்’ என்று சொல்லிப் பாருங்கள். அவருடைய மனக்கண்ணில் முதலில் தோன்றுவது ரோஜாச் செடியோ புல்வெளியோ அல்ல. வரிசை வரிசையாய்ப் பால்மரங்கள், லயன் வீடுகள், மாரியம்மன் கோயில், தமிழ்ப்பள்ளி, விடியற்காலை இருட்டில் பெரட்டுக்கு அடிக்கும் மணி. இவைதாம் நமக்குத் தோட்டம். “நீங்க எந்தத் தோட்டம்?” என்பது நம் தாத்தா பாட்டி காலத்தில் முன்பின் அறியாத இருவர் பேசத் தொடங்கும் கேள்வி. பூச்செடி வைத்திருக்கும் இடத்தைச் சொல்ல வேண்டுமென்றால், “வீட்டு முன்னால செடி வெச்சிருக்கோம்” என்று தனியாக விளக்கித்தான் சொல்ல வேண்டும்.

உழைத்த இடத்துக்கும் அழகு பார்க்கும் இடத்துக்கும் நம்மிடம் ஒரே சொல்தான். இந்த இரண்டாவது பொருளை என் தலைமுறைக்குக் கற்றுக்கொடுத்தது யார்? பள்ளிக்கூடமா? இல்லை. வரவேற்பறையில் இருந்த தொலைக்காட்சிப் பெட்டிதான். தோட்டம் எப்படி இருந்தால் அழகு, தோட்டத்தில் வேலை செய்பவர் எப்படி இருந்தால் அழகு என்ற இரண்டு பாடங்களையும் அது நடத்தியது. முதல் பாடத்தை நாம் தவறாகப் படித்தோம், இரண்டாவது பாடத்தைப் படிக்கவே இல்லை என்பது என் கருத்து. அதை விளக்க, முதலில் என் வீட்டுக் கதையைச் சொல்லியாக வேண்டும்.

முருங்கை வெட்டிய கதை

2004-ஆம் ஆண்டு. நான் படிவம் நான்கில் படித்துக்கொண்டிருந்தேன். எங்கள் வீடு கிள்ளானுக்குப் பக்கத்தில் ஒரு தாமானில், வரிசை வீடுகளின் கடைசி வீடு. கடைசி வீடு என்பதால் பக்கவாட்டில் கொஞ்சம் மண் இருந்தது. அந்த மண் முழுவதும் பாட்டியின் ஆட்சி. அவர் முப்பது ஆண்டுகளுக்கு மேல் பால் வெட்டியவர். தோட்டம் கைமாறி லயன்கள் இடிக்கப்பட்ட பிறகு, ஒரு டிரங்குப் பெட்டியும் சில செடிக் கன்றுகளுமாக எங்கள் வீட்டுக்கு வந்து சேர்ந்தவர்.

அந்தச் சிறிய இடத்தில் என்னவெல்லாம் இருந்தன என்று இப்போது எண்ணிப் பார்க்கிறேன். ஒரு முருங்கை, ஒரு கறிவேப்பிலை, துளசி, கற்பூரவல்லி, பிரண்டை, செம்பருத்தி, கனகாம்பரம், நந்தியாவட்டை, வேலியில் ஏறிய வெற்றிலைக்கொடி, ஓரத்தில் செராய், பண்டான், லெங்குவாஸ். பாதிச் செடிகள் பெயிண்டு டின்னிலும் மைலோ டின்னிலும் நின்றன. மாலையானால் பாட்டி தாத்தாவின் பழைய முழுக்கைச் சட்டையைக் கைலிக்கு மேலே போட்டுக்கொண்டு, தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு மண்ணில் இறங்குவார். வாசலில் யாராவது கார் நிறுத்தினால் போதும், ஓடிப்போய்ச் சட்டையைக் கழற்றிவிட்டுச் சேலை மாற்றிக்கொண்டுதான் வெளியே வருவார்.

அந்த ஆண்டில் நானும் அம்மாவும் வார இறுதிகளில் வெளிநாட்டுத் தோட்ட நிகழ்ச்சிகள் பார்க்கத் தொடங்கியிருந்தோம். அம்மாவுக்கு ஆங்கிலம் முழுவதும் புரியாது. புரிய வேண்டிய தேவையும் இல்லை. தொடக்கத்தில் புதர் மண்டிய ஒரு வீட்டுக் கொல்லை. அரை மணி நேரம் கழித்து மரப்பலகைத் தளம், கூழாங்கற்கள், சலசலக்கும் நீரூற்று. வீட்டுக்காரர் வந்து பார்த்துக் கண்ணீர் விடுவார். அம்மாவும் கண்ணைத் துடைத்துக்கொள்வார். “நம்ம வீட்டையும் இப்படிப் பண்ணலாம்மா” என்று சொன்னவன் நான்தான்.

அப்பாவின் போனஸ் வந்த மாதம் வேலை தொடங்கியது. தளம் போடுவதற்கு முருங்கை இடைஞ்சலாக இருந்தது. கம்பளிப்பூச்சி வருகிறது, இலை கொட்டுகிறது, பார்ப்பதற்குக் கம்பத்து வீடு மாதிரி இருக்கிறது என்று காரணங்களை அடுக்கினேன். பாட்டி ஒன்றே ஒன்றுதான் கேட்டார். “அந்த முருங்கை உனக்கு என்னடா செஞ்சுச்சு?” என்னிடம் பதில் இல்லை. ஆனாலும் மரம் விழுந்தது. டின்கள் எல்லாம் குப்பை லாரியில் போயின.

அந்தத் தீபாவளிக்கு வந்த உறவினர்கள் எல்லாரும் எங்கள் மரத்தளத்தில் நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். கேமரன் மலையிலிருந்து ஆசை ஆசையாய் வாங்கி வந்த லாவெண்டர் செடிகள் ஒரு மாதம்கூடத் தாங்கவில்லை. கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1,500 மீட்டர் உயரத்தின் குளிரில் இருந்த செடியைக் கிள்ளான் வெக்கையிலும் மழையிலும் வைத்தால் வேர் அழுகாமல் என்ன செய்யும்? மறு ஆண்டு நீரூற்றின் மோட்டார் பழுதாகித் தண்ணீர் தேங்கியது. ஏடிஸ் கொசுச் சோதனைக்கு வந்த அதிகாரிகள் அதில் புழுக்களைக் கண்டுபிடித்து அபராதச் சீட்டை நீட்டினார்கள். 2007-இல் மரப்பலகைகளைக் கரையான் அரித்து, ஒரு பலகை அம்மாவின் காலோடு உள்ளே போயிற்று. அத்துடன் அதையும் பிரித்து எறிந்துவிட்டுச் சிமெண்டு பூசினோம்.

தவறு அந்த நிகழ்ச்சியினுடையதா? அப்படிச் சொல்லித் தப்பித்துக்கொள்வது எளிது. இங்கிலாந்தின் தட்பவெப்பத்துக்கு, இங்கிலாந்து மக்களுக்காக எடுக்கப்பட்ட நிகழ்ச்சி அது. அந்த நாட்டிலேயே அது என்ன செய்தது என்று பார்த்தால் நமக்கு நடந்ததும் தெளிவாகும்.

கழுத்துப்பட்டை முதல் ஜீன்ஸ் வரை

தொலைக்காட்சி வழித் தோட்டக்கலையில் பிரிட்டனுக்கு நீண்ட வரலாறு உண்டு. 1950-களிலும் 60-களிலும் அந்நாட்டு மக்களுக்குத் தொலைக்காட்சித் தோட்டக்காரர் என்றால் பெர்சி திரோவர்தான். தலைமைத் தோட்டக்காரர் ஒருவரின் மகனாகப் பிறந்து, வின்ட்சர் அரண்மனைத் தோட்டத்தில் வேலை பழகி, பிறகு ஷ்ரூஸ்பரி நகரின் பூங்காக்களுக்குக் கண்காணிப்பாளரானவர். திரையில் அவர் கழுத்துப்பட்டை கட்டியிருப்பார். தோட்டக்கலை ஒரு மரியாதையான தொழில், அதைக் கற்றறிந்தவர் சொல்ல மற்றவர்கள் கேட்டுக்கொள்ள வேண்டும் என்பது அந்த உடையின் செய்தி. அவர் காட்டிய தோட்டமும் அதற்கேற்றதே. நேர்கோட்டுப் பாத்திகள், ஒழுங்காய் வெட்டிய புல், வரிசை பிசகாத காய்கறிகள்.

1968-இல் பிபிசி தொடங்கிய ‘கார்டனர்ஸ் வோர்ல்ட்’ நிகழ்ச்சி தலைமுறைகளைக் கடந்து நிலைத்தது. அதில் 1979 முதல் 1996-இல் இறக்கும் வரை முகமாக விளங்கியவர் ஜெஃப் ஹாமில்டன். ஜீன்ஸ் அணிந்து, ரட்லண்ட் வட்டாரத்துப் பார்ன்ஸ்டேலில் தம் தோட்டத்து மண்ணில் மண்டியிட்டு வேலை செய்துகாட்டினார். கடையில் விலைக்கு விற்பதை வீட்டிலேயே மலிவாகச் செய்துகொள்ளும் வழிகளைச் சொல்லிக்கொடுத்தார். சதுப்பு நிலங்களைத் தோண்டி எடுக்கும் பீட் மண்ணைத் தோட்டங்களில் பயன்படுத்த வேண்டாமென்று பலரும் அதைப்பற்றி யோசிக்காத காலத்திலேயே வற்புறுத்தினார். தொலைக்காட்சி நல்லதும் செய்யும் என்பதற்கு அவர் ஒரு சான்று. கழுத்துப்பட்டை போய் ஜீன்ஸ் வந்தபோது, “இது படித்தவர் வேலை” என்ற செய்தி “இது உன்னாலும் முடியும்” என்று மாறியது.

இரண்டு நாளில் ஒரு தோட்டம்

அதன் பிறகு வந்ததுதான் ‘கிரவுண்ட் ஃபோர்ஸ்’. 1997 முதல் 2005 வரை பிபிசியில் ஒளியேறிய நிகழ்ச்சி. கியூ தாவரவியல் தோட்டத்தில் பயின்ற ஆலன் டிட்ச்மார்ஷ், நீர்த்தோட்ட வேலையில் தேர்ந்த சார்லி டிமொக், கட்டுமானக்காரர் டாமி வால்ஷ் ஆகிய மூவரும் அதன் நாயகர்கள். வீட்டுக்காரரை ஏதாவது காரணம் சொல்லி வெளியே அனுப்பிவிடுவார்கள். அவர் திரும்பி வருவதற்குள், இரண்டு நாளில், தோட்டத்தையே மாற்றிவிடுவார்கள். தென்னாப்பிரிக்காவின் கூனு கிராமத்துக்குப் போய் நெல்சன் மண்டேலாவின் வீட்டிலும் தோட்டம் அமைத்தார்கள் என்றால் அந்நிகழ்ச்சியின் புகழை அறிந்துகொள்ளலாம்.

இங்கே ஒன்றைக் கவனியுங்கள். செடிக்கு இரண்டு நாள் போதுமா? விதை முளைக்கவே ஒரு வாரம் ஆகும். வைத்த கன்று வேர்பிடித்து, கிளைவிட்டு, பூக்க மாதங்கள் ஆகும். மரமென்றால் ஆண்டுகள். கேமராவோ அன்று மாலையே முடிந்த வேலையைக் கேட்கிறது. அன்று மாலையே முடிந்ததாகத் தோன்றக்கூடியவை எவை? மரப்பலகை, கல், வண்ணப்பூச்சு, நீரூற்று. ஆகவே செடி பின்னே போய்ச் சாமான் முன்னே வந்தது. நிகழ்ச்சியை எடுத்தவர்களுக்குச் செடி பிடிக்காமல் இல்லை. ஊடகத்தின் அவசரமே அழகின் இலக்கணத்தை எழுதிவிட்டது.

மக்கள் அதை எவ்வளவு தீவிரமாகப் பின்பற்றினார்கள் என்பதற்கு ஒரு கணக்கு அடிக்கடி எடுத்துக்காட்டப்படுகிறது. பிரிட்டனின் பெரிய வீட்டுப்பொருள் கடையான பி அண்ட் கியூவில் 1997-இல் வெறும் 5,000 பவுண்டாக இருந்த மரத்தள விற்பனை, 2001-இல் 16 மில்லியன் பவுண்டாக உயர்ந்ததாம். வேலிகள் நீல வண்ணம் பூண்டன. வீட்டுக்கு வீடு நீரூற்று சலசலத்தது. ஒரு நாட்டின் கொல்லைப்புறங்கள் எல்லாம் ஒரே சாயலுக்கு வந்தன. பிறகு என்ன நடந்தது? மழையில் பாசி பிடித்து வழுக்கிய தளங்களைப் பலர் பிரித்து எறிந்தார்கள். சொந்த நாட்டு மழைக்கே தாங்காத பலகை கிள்ளான் மழைக்குத் தாங்கும் என்று நம்பியவர்கள் நாங்கள்.

பசுமை குறைந்ததற்கெல்லாம் தொலைக்காட்சியே காரணம் என்று நான் சொல்லவில்லை. லண்டனில் ஏறத்தாழ 32 சதுர கிலோமீட்டர் முன்தோட்டம் கல்லும் சிமெண்டுமாகிவிட்டதாக 2005-இல் லண்டன் மன்றத்தின் அறிக்கை கூறியது. அதற்குப் பெருங்காரணம் கார் நிறுத்த இடம் தேடியதே. மழைநீர் மண்ணில் இறங்காமல் தெருவில் ஓடத் தொடங்கியதால், 2008 முதல் இங்கிலாந்தில் முன்தோட்டத்தில் ஐந்து சதுர மீட்டருக்கு மேல் நீர் புகாத தளம் போட்டு, அந்த நீரைத் தெருவில் விடுவதென்றால் அனுமதி வாங்க வேண்டும் என்று விதி வந்தது. நம் தாமான்களிலும் கதை இதுதான். வீட்டு வாசலில் இரண்டு காருக்குச் சிமெண்டு, மிச்சமிருந்தால் இரண்டு பூச்சட்டி. சிமெண்டு போடத் தொலைக்காட்சி சொல்லவில்லை. ஆனால் “மண் தெரிந்தால் அசிங்கம், சுத்தமாகத் தளம் போட்டால் அழகு” என்ற எண்ணத்துக்கு அது துணைபோனது.

ஆள் பாதி, ஆடை பாதி

இனி இரண்டாவது பாடம். தோட்ட நிகழ்ச்சிகள் தோட்டத்தை மட்டும் காட்டுவதில்லை, தோட்டத்தில் நிற்கும் ஆளையும் காட்டுகின்றன. சார்லி டிமொக்கை எடுத்துக்கொள்ளுங்கள். விரிந்த செம்பட்டைக் கூந்தலும் கையில்லாத பனியனும் சேறு படிந்த காலணியுமாகக் குளம் தோண்டினார். பத்திரிகைகள் அவருடைய கைவேலையைவிட உடையைப் பற்றியே அதிகம் எழுதின. அது அவருக்கு நேர்ந்த அநீதி. ஆயினும் மண்வெட்டி பிடித்துக் குழி தோண்டும் ஒரு பெண்ணை அவ்வளவு பெரிய கூட்டம் வாராவாரம் ரசித்துப் பார்த்தது.

அவருக்குப் பின் வந்தவர்களில் உடைக்காகவே பேசப்படுபவர் மான்டி டான். 2003 முதல் 2008 வரையும், பிறகு 2011 முதலும் ‘கார்டனர்ஸ் வோர்ல்ட்’ நிகழ்ச்சியின் முதன்மைப் படைப்பாளர். முறையாகத் தோட்டக்கலை பயின்றவர் அல்லர். 1980-களில் மனைவியோடு சேர்ந்து லண்டனில் ஆபரண வடிவமைப்புத் தொழில் நடத்தி, அது நொடித்துப்போய், பின்னர் மண்ணுக்கு வந்தவர். ஆகவே தோற்றத்தின் பொருள் அவருக்குத் தெரியும். ஹெரஃபர்ட்ஷயரில் உள்ள லாங்மெடோ என்னும் தம் தோட்டத்தில், நீல நிறத்துப் பழைய மேற்சட்டை, தொளதொளத்த காற்சட்டை, அதைத் தாங்கும் தோள்வார், கழுத்தில் ஒரு துணி, பின்னால் நாய் என்று நடந்து வருவார். அந்தத் தோற்றத்தைப் பார்த்து அதேபோன்ற சட்டையைத் தேடி வாங்கும் ரசிகர்கள் உண்டு. ஆடை இதழ்களும் அதைப்பற்றி எழுதுகின்றன.

அந்த நீலச் சட்டையின் பிறப்பு எங்கே தெரியுமா? பிரெஞ்சுத் தொழிலாளர்களின் வேலைச் சட்டை அது. ஆலைகளிலும் வயல்களிலும் உழைத்தவர்கள் அழுக்குத் தெரியாமலிருக்கவும் கிழியாமலிருக்கவும் போட்டுக்கொண்ட முரட்டுத் துணி. கருவி வைக்கப் பெரிய பைகள், பலமுறை துவைத்து வெளுத்த நீலம், முழங்கையில் ஒட்டு. இன்று அதே சட்டை, அதே வெளுப்போடு, பெருநகரக் கடைகளில் நல்ல விலைக்கு விற்கிறது.

இதைப் படித்தபோதுதான் எனக்குப் பாட்டியின் சட்டை நினைவுக்கு வந்தது. அதுவும் வேலைச் சட்டைதானே? அட்டையும் கொசுவும் கடிக்காதிருக்க முழுக்கை. பால் தெறித்துக் காய்ந்தால் எந்தச் சோப்புக்கும் போகாத கறை. விடியுமுன் நெற்றியில் விளக்கும் இடுப்பில் கொசுவர்த்தியுமாய் மரத்துக்கு மரம் நடந்த ஒரு தலைமுறையே அந்த உடையில்தான் நடந்தது. கறைபட்ட முழுக்கைச் சட்டை, கைலி, தலைத்துண்டு. வடிவமைப்பாளர் யாரும் வரைந்ததில்லை. வெயிலும் பூச்சியும் வேலையும் சேர்ந்து வரைந்த உடை அது. பிரெஞ்சுத் தொழிலாளியின் சட்டைக்கும் இதற்கும் தகுதியில் என்ன வேறுபாடு?

வேறுபாடு ஒன்றுதான். அவர் அதை அணிந்து கேமராவுக்கு முன்னால் நிற்கிறார். பாட்டி கார் சத்தம் கேட்டால் கழற்றினார். பாட்டி ஏன் கழற்றினார் என்பதை யோசித்தால் நமக்கு வலிக்க வேண்டும். தோட்டத்து ஆள் என்று யாரும் கண்டுகொள்ளக்கூடாது என்ற அச்சத்தை அவருக்கு ஊட்டியவர்கள் வெளியாட்கள் மட்டுமல்ல. “பாட்டி, என் கூட்டாளிங்க வராங்க, அந்தச் சட்டையைக் கழட்டுங்க” என்று நானே சொல்லியிருக்கிறேன். வெள்ளைக்காரர் திரையில் மண்ணோடு நின்றதைக் கண்டு அவருடைய பலகையையும் கல்லையும் வாங்கிவந்தோம். மண்ணோடு நிற்பதற்கு அவர் கூச்சப்படவில்லை என்பதை மட்டும் வாங்கிவர மறந்துவிட்டோம்.

துரை பங்களாவின் வேலி

இவ்விடத்தில் ஓர் எதிர்வாதம் எழும். “அப்படியானால் ஏழை வீட்டில் முருங்கையும் கறிவேப்பிலையும் மட்டும்தான் இருக்க வேண்டுமா? எங்களுக்கும் அழகு வேண்டாமா? அடுத்தவரைப் பார்த்துக் கற்றுக்கொள்வது குற்றமா?” நியாயமான கேள்வி. பாட்டியின் செடிகளைப் புனிதப்படுத்திப் பேசுவதால் அதற்குப் பதிலாகிவிடாது.

உண்மையைச் சொன்னால், பாட்டியின் தோட்டமும் பார்த்துக் கற்றதுதான். எங்கள் பக்கவாட்டு மண்ணின் ஓரத்தில் அவர் செங்கற்களைச் சாய்வாக நட்டு, ஆண்டுதோறும் பொங்கலுக்குச் சுண்ணாம்பு அடிப்பார். முன்னால் கல்வாழையும் குரோட்டன்சும் ஒன்றுவிட்டு ஒன்று. இந்த அமைப்பை எங்கே கற்றார் என்று ஒருமுறை கேட்டேன். “தொர பங்களாவுல அப்படித்தாண்டா இருக்கும். எங்கண்ணன்தானே அங்க தோட்டக்காரன்” என்றார். ஆக, தொலைக்காட்சி வருவதற்கு முன்னால் துரை பங்களாவின் வேலி இருந்தது. அந்த வேலி இடுக்கு வழியே அழகு பார்க்கப்பட்டது, கடன் வாங்கப்பட்டது. அந்த அழகைக் கையால் உண்டாக்கியவரே நம் வீட்டு ஆள்தான் என்பது வேறு கதை.

ஆனால் பாட்டி கடன் வாங்கிய விதத்தைப் பாருங்கள். வெள்ளையடித்த செங்கல் ஓரத்தை எடுத்துக்கொண்டார். அதற்குள்ளே துளசியையும் கனகாம்பரத்தையும் வைத்தார். புல்வெளியை எடுத்துக்கொள்ளவில்லை, அதற்கான இடமும் நேரமும் அவருக்கு இல்லை. அந்த இடத்தில் செராயும் பண்டானும் நட்டார். பக்கத்து வீட்டு மலாய்க்கார அம்மா கொடுத்த லெங்குவாஸ் கிழங்குக்கும் அதே பாத்தியில் இடம் கிடைத்தது. பார்த்ததைத் தம் மண்ணுக்கும் தம் அடுப்புக்கும் ஏற்ப அளந்து எடுத்துக்கொண்டார். பதினாறு வயதில் நான் செய்ததோ வேறு. அளக்கவில்லை. இருந்ததை எல்லாம் எறிந்துவிட்டு, பார்த்ததை எல்லாம் அப்படியே இறக்கினேன். பார்த்துக் கற்பதில் பிழையே இல்லை. தன்னிடம் இருப்பது எதுவும் அழகல்ல என்று முடிவுகட்டிக்கொண்டு பார்ப்பதுதான் பிழை. அக்கரைக்கு இக்கரை பச்சை என்பார்கள். நம் கரையில் பச்சை ஏற்கெனவே இருந்தது, அதை வெட்டிவிட்டு அக்கரையைப் பார்த்தோம்.

திரை சிறிதானது, அவசரம் பெரிதானது

‘கிரவுண்ட் ஃபோர்ஸ்’ முடிந்து இருபதாண்டு ஆகிவிட்டது, இதெல்லாம் பழங்கதை என்று சிலர் நினைக்கலாம். அரை மணி நேர நிகழ்ச்சி இப்போது கைப்பேசியில் அரை நிமிடக் காணொளியாகிவிட்டது. இரண்டு நாளில் முளைத்த தோட்டம் இப்போது முப்பது வினாடியில் முளைக்கிறது. 2020-இல் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணையின்போது வீட்டுக்குள் அடைபட்டிருந்த நாம் எல்லாரும் செடி வளர்க்கத் தொடங்கினோம். கெலாடிச் செடி ஒன்றின் இலைகளை எண்ணி விலை பேசியதும் அந்தக் காலத்தில்தான். நல்ல விஷயம் என்றே அப்போது நினைத்தேன். மண்ணைத் தொட்டதே இல்லாத பலர் மண்ணைத் தொட்டார்கள். ஆனால் வெள்ளைச் சுவர், வெள்ளைச் சட்டி, ஓட்டை விழுந்த பெரிய இலை என்று படங்கள் எல்லாம் ஒரே வீட்டில் எடுத்தவை போலவே இருந்தன. செடியோடு நிற்பவரின் உடையும் சட்டியின் நிறத்துக்குப் பொருத்தமாக இருந்தது. மோகம் தணிந்ததும் பல வெள்ளைச் சட்டிகள் காலியாகி வாசலுக்கு வந்தன.

நம் ஊடகத்தாருக்கும் ஒரு வேண்டுகோள். நம் நாட்டுத் தமிழ் ஒளிபரப்பில் சமையலுக்கு இடமுண்டு, பாட்டுக்கு உண்டு, சோதிடத்துக்கும் உண்டு. பால்மரத் தோட்டத்திலிருந்து தாமானுக்கும் அடுக்குமாடிக்கும் வந்த ஒரு பாட்டி, ஐந்தடி நடைபாதையில் எப்படிக் கறிவேப்பிலை வளர்க்கிறார் என்று அவருடைய சொந்த உடையில், அவருடைய சொந்தப் பேச்சில் காட்டினால் என்ன? பெர்சி திரோவரின் கழுத்துப்பட்டை ஒரு காலத்தையும், ஜெஃப் ஹாமில்டனின் ஜீன்ஸ் இன்னொரு காலத்தையும் மாற்றியதென்றால், தலைத்துண்டு கட்டிய ஒரு மூதாட்டி நம் காலத்தில் எதையும் மாற்ற மாட்டாரா?

நாம் செய்யக்கூடியது

பேரவை இளையோருக்கு இந்த முன்னாள் மாணவனின் சிறு யோசனை ஒன்று. அடுத்த விடுமுறைக்கு வீட்டுக்குப் போகும்போது, பாட்டியோ பெரியம்மாவோ அத்தையோ வளர்க்கும் செடிகளை எண்ணுங்கள். பெயரைக் கேட்டு எழுதுங்கள். தமிழில் ஒரு பெயர், மலாயில் ஒரு பெயர், தோட்டத்தில் வழங்கிய பெயர் ஒன்று எனச் சிலவற்றுக்கு மூன்று பெயர் கிடைக்கும். எந்த ஊரிலிருந்து அந்தக் கன்று வந்தது, யார் கொடுத்தார், எதற்கு உதவும் என்று குறித்துக்கொள்ளுங்கள். அவர் வேலை செய்யும்போது போட்டிருக்கும் உடையிலேயே ஒரு படம் எடுங்கள். சேலை மாற்றிக்கொண்டு வருகிறேன் என்பார். வேண்டாம் என்று சொல்லுங்கள். ஆளுக்குப் பத்துச் செடி சேர்ந்தால் அடுத்த ஆண்டு மலருக்கு நல்லதொரு தொகுப்பாகும். தமிழ்மொழிக் கழகம் ஒன்று செய்யத்தக்க மொழிப்பணி இது.

என் கதையின் மிச்சத்தையும் சொல்லிவிடுகிறேன். முருங்கையை வெட்டிய அன்றே பாட்டி யாருக்கும் தெரியாமல் ஒரு போத்தை எடுத்துக்கொண்டுபோய்ப் பின்வரிசைக் கால்வாய் ஓரத்தில் ஊன்றியிருக்கிறார். 2007-இல் நாங்கள் கரையான் அரித்த பலகைகளைப் பிரித்துக்கொண்டிருந்தபோது அது கூரை உயரம் வளர்ந்து காய்த்திருந்தது. அன்று மதியம் அந்தக் காயில்தான் சாம்பார். பாட்டி என்னிடம் ஒன்றும் சொல்லவில்லை. கூடுதலாக இரண்டு துண்டு காயை மட்டும் என் தட்டில் வைத்தார்.

பாட்டி 2013-இல் காலமானார். தாத்தாவின் அந்தச் சட்டை இப்போது என் வீட்டில் இருக்கிறது. முழங்கையில் பாட்டி போட்ட ஒட்டு, மார்பில் போகாத பால் கறை. ஞாயிற்றுக்கிழமைகளில் அதைப் போட்டுக்கொண்டுதான் பாத்தி கொத்துகிறேன். போன மாதம் வாசலில் ஒரு கார் வந்து நின்றது. ஒரு நொடி கை தானாகப் பொத்தானுக்குப் போயிற்று. பிறகு அப்படியே போய்க் கதவைத் திறந்தேன்.